உப்புக்குச் சேறு பூசியவள்

எங்கள் வீட்டு வாசல் விளக்கை யுவராணிதான் அணைக்கிறாள். பொழுது சாய்ந்து கொஞ்ச நேரத்தில் கேட் சத்தம் கேட்கும். செருப்பைக் கழற்றாமல் ஒரு காலை மட்டும் படியில் ஊன்றி, எட்டி சுவிட்சைத் தட்டுவாள்.

"பெரிம்மா, யாரு வரப்போறாங்கன்னு இதப் போட்டு வச்சிருக்கீங்க?"

பதிலுக்கு நிற்பதில்லை. அடுத்த வீட்டுக் கேட் கிரீச்சிடும். அங்கேயும் விளக்கு போய்விடும். தெரு முடிந்து உப்பளம் தொடங்குகிற வரைக்கும், ஒவ்வொரு வாசலாக இருட்டு நடந்து போவதை என் அடுப்படி ஜன்னலிலிருந்து பார்க்கலாம். அவள் தலை மறைந்ததும் பாதிப் பேர் மறுபடி போட்டுக்கொள்வார்கள். அது அவளுக்கும் தெரியும். மறுநாளும் வருவாள்.

வயது பன்னிரண்டு. இந்த ஜூனில் எட்டாம் வகுப்பு. கெண்டைக்காலில் உப்புத் தண்ணீர் அரித்து ஆறிய தழும்புகள். அப்பாவின் பச்சை நிற ராணுவ டி-ஷர்ட்டைப் போட்டுக்கொண்டால் முழங்காலைத் தொடும். பண்டிகை நாள் தவிர மற்ற நாளெல்லாம் வீட்டில் அதுதான் உடுப்பு. அவள் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. சோற்றுத் தட்டைக் கையில் ஏந்தியபடி அடுப்படிக்கும் வாசலுக்குமாக நடந்துகொண்டே சாப்பிடுவாள். ரசம் சொட்டிய தடத்தைத் துடைப்பது அவள் அம்மா மலர்கொடிக்கு தினசரி வேலை.

"ஒரு எடத்துல குந்தித் தின்னேன்டி. தரையில ஊசியா நட்டு வச்சிருக்குது?"

"நீ குந்தும்மா. எனக்கு வேல இருக்குது."

ஒரு சடையை வீட்டில் பின்னத் தொடங்குவாள். இன்னொன்று தெருமுனையில் முடியும். டிவியைக்கூட நிலைப்படியில் நின்றுதான் பார்ப்பாள். விளம்பரம் வந்தால் வெளியே போய் வானத்தைப் பார்த்துவிட்டு வருவாள். வானம் அவள் பொறுப்பில் இருக்கிறது. புதுச்சேரிப் பக்கமிருந்து கடலோரமாக ஒரு ஹெலிகாப்டர் போனால், கண்ணுக்கு மேல் கையை வைத்து அது சிறுத்து மறையும் வரை பார்த்துவிட்டு, யாரும் கேட்காமலே தெருவுக்கு அறிவிப்பாள்: "நம்மளுது."

எப்படித் தெரியும் என்று ஒருமுறை கேட்டேன்.

"நம்மளுது இல்லன்னா நான் இப்பிடி நின்னுகிட்டு இருப்பேனா பெரிம்மா?"

அவளுடைய அப்பா சரவணகுமார் ராணுவத்தில் லாரி ஓட்டுகிறான். பட்டாளத்தில் சேருவதற்கு முன் அவனும் செல்லப்பனின் உப்பளத்தில் பலகை இழுத்து உப்பு வாரியவன்தான். மலர்கொடி இன்றும் அதே அளத்தில்தான் வேலை செய்கிறாள். விடியுமுன் போய், வெயில் ஏறுவதற்குள் அன்னக்கூடையில் உப்புச் சுமந்து ரோட்டோரக் குவியலில், அம்பாரத்தில், கொட்டிவிட்டு வந்து உலை வைப்பாள். பட்டாளத்தான் பெண்டாட்டி உப்புச் சுமக்கிறாளே என்று தெருவில் யாராவது இழுத்தால், "அவரு அங்க சுமக்கறாரு, நான் இங்க சுமக்கறேன், உனக்கு எங்க வலிக்குது?" என்று கேட்டுவிட்டுப் போய்க்கொண்டே இருப்பாள். மகளின் வாய் எங்கிருந்து வந்தது என்பதில் தெருவுக்குச் சந்தேகம் கிடையாது.

விளக்கு அணைக்கிற பழக்கம் போன வருஷம் மே மாதம் தொடங்கியது. கத்திரி வெயில். பள்ளிக்கூட லீவு. எல்லையில் சண்டை என்று எல்லா வீட்டு டிவியும் ஒரே குரலில் கத்திக்கொண்டிருந்தது. சரவணகுமார் அப்போது ஜம்முப் பக்கம் இருந்தான். ஒரு சாயங்காலம் கூப்பிட்டான். மலர்கொடி குழாயடியில் இருந்ததால் யுவராணிதான் எடுத்தாள்.

"இங்க லைட்டெல்லாம் ஆஃப் பண்ணிட்டாங்க கண்ணு. ஊரே இருட்டா கெடக்குது. ஃபோனும் ஆஃப் பண்ணணும். அம்மாகிட்ட சொல்லிடு. அங்க நீ பாத்துக்க, இன்னா?"

வெளியூரில் வேலை பார்க்கிற எந்த அப்பாவும் மகளிடம் சொல்கிற வார்த்தைதான். மலர்கொடி கேட்டிருந்தால் சரி என்று குடத்தைத் தூக்கிக்கொண்டு போயிருப்பாள். யுவராணி அதை ஆர்டராக எடுத்துக்கொண்டாள். "அப்பா அங்க ஆஃப் பண்ணிட்டாரு. இங்க நம்ம ஏரியா நம்ம பொறுப்பு" என்று இரண்டு பேரிடம் சொன்னாள். ஒருவன் அவள் தம்பி செந்தமிழ், மூக்கு ஒழுகுகிற வயது. இன்னொருத்தி ஜெர்லின், கோயிலுக்கு, அதாவது மாதா கோயிலுக்கு, பின்புறம் இருக்கிற வீட்டுப் பெண். அப்பா ஃபைபர் போட்டில் கடலுக்குப் போகிறவர். இந்த மூன்று பேரும்தான் படை.

முதலில் பங்கர் வெட்டினார்கள். கடலோரச் சவுக்குத் தோப்பில், உடைந்த உப்புப் பலகையும் தேங்காய்ச் சிரட்டைகளும் கொண்டு ஒரு பகல் பூராவும் தோண்டினார்கள். எங்கள் ஊர் மணல் எப்படிப்பட்டதென்று ஊர்ப் பிள்ளைகளுக்கே மறந்துபோயிருந்தது. முழங்கால் ஆழம் போனதும் அடியிலிருந்து உப்புத் தண்ணீர் ஊறியது.

"அக்கா, பங்கர்ல தண்ணி வருது."

"குந்துடா. குண்டு வரப்போ தண்ணியப் பாத்தா ஆவுமா?"

செந்தமிழ் இடுப்பளவு தண்ணீரில் விசுவாசமாகக் குந்தியிருந்தான். ஒரு நண்டு வந்து சேர்ந்த பிறகுதான் எழுந்து ஓடினான். மேலே நின்று பார்த்த ஜெர்லின், "இது பங்கர் இல்லடி, கெணறு" என்று சொல்லிவிட்டாள். அன்று ராத்திரி செந்தமிழுக்குப் பின்பக்கமெல்லாம் தடிப்பு. மலர்கொடி தேங்காயெண்ணெய் தடவிக்கொண்டே மகளைத் திட்டினாள். மகள் வாசலுக்கும் உள்ளுக்குமாக நடந்துகொண்டே கேட்டுக்கொண்டாள்.

பிறகு விளக்குகள். மாரியம்மன் கோயிலில் திருவிழாவுக்கு சீரியல் செட் கட்டியிருந்தார்கள். கோபுரம் பச்சையும் சிவப்புமாகக் கண் சிமிட்டிக்கொண்டிருந்தது. யுவராணி மைக்செட்காரரிடம் போய் எல்லாவற்றையும் நிறுத்தச் சொன்னாள்.

"ஏம்மா, இருட்டுல சாமி எப்பிடி ஊர்வலம் வரும்?"

"சாமிக்கு வழி தெரியாதா?"

அவர் விரட்டினார். அவள் கோயிலைச் சுற்றிப் பின்பக்கமாக வந்து பிளக்கைப் பிடுங்கிவிட்டு ஓடினாள். பாட்டு பாதியில் நின்றது. அதற்காக ஊரில் வாங்கிய திட்டுகளில் சில இங்கே எழுதத் தக்கவை அல்ல. "ஊரு வெளக்க அணைச்சா உங்கப்பன் ஃபோன் பண்ணிடுவானா?" என்று மலர்கொடி கேட்ட கேள்வி மட்டும் என் காதில் நிற்கிறது. ஏனென்றால், அந்த ஒரு சாயங்காலத்துக்குப் பிறகு அதுவரை அவன் கூப்பிடவே இல்லை.

இவர்கள் கூப்பிட்டபோதெல்லாம் பதிவு செய்த பெண் குரல்தான் பேசியது. தொடர்பு எல்லைக்கு வெளியே இருக்கிறார் என்றது. யுவராணி எங்கள் வீட்டுக்கு வந்து என் போனிலும் அடித்துப் பார்ப்பாள், வேறு போன் என்றால் வேறு பதில் வரும் என்பது போல. அந்தக் குரல் முழு வாக்கியத்தையும் முடிக்கும் வரை காதில் வைத்திருப்பாள். பிறகு அதே மாதிரி மூக்கால் பேசிக் காட்டுவாள். "இந்தப் பொம்பளைக்கு வேற வேலயே இல்ல பெரிம்மா. எந்நேரமும் இதயே சொல்லிகினு கெடக்குது." சிரிப்போம். அவள் சிரித்து முடிப்பதற்குள் கேட்டைத் தாண்டியிருப்பாள்.

கல்பாக்கத்தில் போர் ஒத்திகை நடந்ததை டிவியில் காட்டினார்கள். சங்கு ஊதியது, ஆட்கள் ஸ்ட்ரெச்சரோடு ஓடினார்கள். கல்பாக்கம் எங்களுக்கு வடக்கே, இதே கடலோரத்தில் இருக்கிறது. அன்றைக்கு மத்தியானம் செல்லப்பன் டீக்கடையில் உட்கார்ந்து பெருமை அடித்துக்கொண்டிருந்தார். மே மாதம் அளக்காரர்களுக்கு நல்ல காலம். அவருடைய அம்பாரங்கள் ரோட்டோரமாக வரிசையாக நின்றன. "சிங்கப்பூர்லேந்து என் மாப்ள வந்தாம்பா. ப்ளேன்லேந்து கீழ பாத்தா மொத்த மரக்காணத்துலயும் நம்ம அம்பாரம்தான் தெரியுதாம். தும்பப்பூ கொட்டி வச்சாப்ல, வெள்ள வெளேர்னு!" அம்மாவுக்கு டீ வாங்க தூக்கைப் பிடித்துக்கொண்டு நின்ற யுவராணி அதைக் கேட்டாள். நிலா வேறு வளர்ந்து முழுசாகிக்கொண்டிருந்த வாரம். உப்பு நிலவில் எப்படி இருக்கும் என்பதை இந்த ஊர்ப் பிள்ளைக்கு யாரும் சொல்லவேண்டியதில்லை.

உச்சி வெயிலில் உப்பளத்தில் ஈ காக்கை இருக்காது. விடியுமுன் வேலைக்குப் போனவர்களெல்லாம் வீட்டில் கண்ணயர்ந்திருப்பார்கள். ப்ளேன் கண்ணில் படாமல் அம்பாரத்தை மறைக்க, மறுநாள் அந்த நேரத்தைத் தேர்ந்தெடுத்தாள். யோசனை அவளுடையதானாலும் மாதிரி அவள் அப்பாவுடையது. வீட்டில் சரவணகுமாரின் படம் ஒன்று இருக்கிறது: அவன் பக்கத்தில் நிற்கிற லாரி மீது வலை போர்த்தி, வலை மீது இலை தழை செருகியிருக்கும். ஜெர்லின் அப்பாவின் கிழிந்த வலை ஒன்றைச் சுருட்டித் தலையில் வைத்துக்கொண்டு வந்தாள். யுவராணி அம்மாவின் அன்னக்கூடையை எடுத்தாள். வாய்க்கால் ஓரத்துக் கருஞ்சேற்றை வாரி வாரி அம்பாரத்தின் மீது எறிந்தார்கள். கைக்கு எட்டிய இடத்தில் மெழுகினார்கள். எட்டாத உச்சிக்கு யுவராணி ஏறினாள், சரிந்தாள், மறுபடி ஏறினாள். வரப்பு தோசைக்கல்லாகக் காய்ந்தது. செந்தமிழ் ஒரு காலை மாற்றி ஒரு காலைத் தூக்கி நின்று, கடைசியில் சேற்றுக்குள்ளேயே போய் நின்றுகொண்டான். பிறகு வலையைப் போர்த்தி, சவுக்கு மிளாறுகளைச் செருகினார்கள். ஒரு அம்பாரம் முழுசாகவும் அடுத்ததில் ஒரு பக்கமும் முடிந்தபோது செந்தமிழ் வாந்தி எடுத்தான். அதோடு நிறுத்திவிட்டு, அவனை முதுகில் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தார்கள்.

மறுநாள் காலையில் லோடு ஏற்ற லாரி வந்தது. லாரிக்காரர் இறங்கிப் பார்த்துவிட்டு ஏறிக்கொண்டார். போகும்போது, "அண்ணா, நீ உப்பு விக்கிறியா, உரம் விக்கிறியா?" என்று கேட்டாராம். செல்லப்பன் போட்ட சத்தத்தில் தெருவே அளத்துக்கு ஓடியது. வெள்ளை வரிசைக்கு நடுவில் அந்த ஒன்று மட்டும் எருமை படுத்திருப்பது போல இருந்தது. ஊரில் யாருக்கெல்லாம் தன் மேல் பகை என்று அவர் பெயர் பெயராகச் சொல்லிக்கொண்டிருந்தபோது, யுவராணி கூட்டத்துக்குள்ளிருந்து முன்னால் வந்தாள்.

"நாங்கதான் மாமா பண்ணோம்."

"நீயா? எதுக்குடி? நான் உனக்கு இன்னாடி பண்ணேன்?"

"நீங்கதான மாமா சொன்னீங்க, ப்ளேன்லேந்து பாத்தா நம்ம அம்பாரம்தான் தெரியுதுன்னு?"

கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அது செல்லப்பனுக்குத் தாங்கவில்லை. மகளை விட்டுவிட்டு அம்மாவின் பக்கம் திரும்பினார். "மலரு, நாளைலேந்து நீ வராத. உன் புருஷன் மொகத்துக்காக இத்தன நாளு ஒண்ணும் சொல்லல. போதும்."

மலர்கொடி மகளை ஒரு அறை அறைந்தாள். எங்கள் தெருவில் அறை புதிதில்லை. ஆனால் அவள் அறைந்து நான் பார்த்தது அது ஒன்றுதான். பிறகு புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு, "கழுவித் தர்றோம்ண்ணா. ஒரு கூட உப்பு வீணாவாம கழுவித் தர்றோம். அப்பறமா வராதன்னு சொல்லு" என்றாள்.

சேறு பட்ட உப்பை நல்ல தண்ணீரில் கழுவ முடியாது, கரைந்து ஓடிவிடும். பாத்தியிலேயே வெயிலில் சுண்டி நிற்கிற கெட்டித் தண்ணீரில் அலசினால் உப்பு கரையாது, அழுக்கு மட்டும் போகும். ஜெர்லினின் அதே வலையை நாலாக மடித்து அதில் உப்பை அள்ளிப் போட்டு, இரண்டு பக்கமும் பிடித்துத் தண்ணீரில் முக்கி ஆட்டினார்கள். காலையும் சாயங்காலமுமாக. கெட்டித் தண்ணீர் கையைச் சும்மா விடாது. விரலிடுக்கில் தோல் உரிந்தது. செந்தமிழ், சிரங்கைச் சொறிந்த இடத்தில் தண்ணீர் பட்டு வீரிட்டான். அவனைக் கரைக்கு அனுப்பிவிட்டார்கள். ஜெர்லினின் அம்மா வந்து, "எம் பொண்ணு கையப் பாரு, நாளைக்குப் பூசைக்கு எப்பிடிக் கும்புடுவா?" என்று சத்தம் போட்டுவிட்டு, புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு தானும் இறங்கி வலையின் ஒரு முனையைப் பிடித்தாள். யுவராணி மட்டும் கரையேறவே இல்லை. ஓயாமல் வானத்தைப் பார்ப்பாள், கழுத்தில் தொங்குகிற போனைத் தொட்டுப் பார்ப்பாள், மறுபடி குனிவாள்.

அந்தப் போனில்தான் விபரீதம். அப்பா எந்நேரமும் கூப்பிடலாம் என்று அவள் அதைக் கீழே வைப்பதே இல்லை. மளிகைக்கடை பிளாஸ்டிக் கவரில் போட்டு, நாடா கட்டி, கழுத்தில் மாட்டியிருந்தாள். உப்புக்கல் குத்தி கவரில் எங்கோ ஓட்டை விழுந்தது அவளுக்குத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து கவரைப் பிரித்தபோது உள்ளே கெட்டித் தண்ணீர். போன் கருப்பாகக் கிடந்தது. சிம்மை எடுத்து என் போனில் போட்டுப் பார்த்தோம். உப்பு அதையும் தின்றிருந்தது. போன் கடைக்காரர், "சிம்மு சரவணகுமார் பேர்ல இருக்குது. அவரு வந்து கைரேக வச்சாத்தான் புதுசு தர முடியும்" என்றார். அவர் வந்துவிட்டால் எதற்கு சிம் என்று மலர்கொடி கேட்டாள்.

போனை அரிசிப் பானைக்குள் புதைத்து வைத்தார்கள். ஈரத்தை அரிசி இழுத்துவிடும் என்பது இப்போது எல்லா வீட்டிலும் செய்கிற வைத்தியம். யுவராணி பானைக்குக் காவல் நின்றாள். அதிலிருந்து ஒரு பிடி எடுக்க அம்மாவை விடவில்லை. "கெளறாதம்மா, காத்து போயிடும்." அதனால் அந்த வீட்டுக்கு அரிசி எங்கள் வீட்டிலிருந்து போயிற்று. அறை வாங்கியபோதுகூட அழாத பெண், பானைப் பக்கத்தில் நின்றுகொண்டு சுவரைக் கால் கட்டை விரலால் சுரண்டிக்கொண்டிருந்தாள். தரையில் சுண்ணாம்பு உதிர்ந்து கோலப்பொடி மாதிரி கிடந்தது.

சண்டை நின்றுவிட்டது என்று டிவி சொன்னது. தெருவில் பேச்சு மாறியது. மைக்செட்காரர் மறுபடி பிளக்கைச் செருகினார். "முடிஞ்சிடுச்சாம்டி, இனிமே ஒண்ணும் இல்ல" என்று யாரோ யுவராணியைத் தேற்றினார்கள்.

"டிவில முடிஞ்சிடுச்சி. எங்கப்பா இன்னும் சொல்லல."

அப்பா கூப்பிட்டாலும் இனி எந்தப் போனில் கூப்பிடுவார்? அந்தக் கேள்வியை அந்த வீட்டில் யாரும் வாய்விட்டுக் கேட்கவில்லை. அவனுக்கு என்ன ஆனதோ என்பது ஒரு பக்கம். அவன் நன்றாக இருந்து, ஒலிக்காத ஒரு போனுக்கு அடித்துக்கொண்டே இருக்கிறானோ என்பது இன்னொரு பக்கம். இரண்டையும் வைத்துக்கொண்டு அம்மாவும் மகளும் ஒரு வலையின் இரண்டு முனையைப் பிடித்து உப்பு அலசினார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

ஒரு காலை, செல்லப்பன் வரப்பு மீது ஓடி வந்தார். அவர் ஓடி அந்த அளத்தில் யாரும் பார்த்ததில்லை, பருத்த உடம்பு. காலில் செருப்பு இல்லை, வேட்டி அவிழ்ந்து ஒரு கையில். இன்னொரு கை போனை முன்னால் நீட்டிக்கொண்டிருந்தது, சூடான பாத்திரத்தைத் தூக்கி வருவது போல.

"பட்டாளத்தான்! மலரு, பட்டாளத்தான்!"

அளத்தில் வேலை பார்த்த காலத்திலிருந்தே சரவணகுமாரிடம் செல்லப்பனின் எண் இருந்தது. வீட்டு எண் கிடைக்காமல் போனதும், பழைய முதலாளியைக் கூப்பிட்டிருக்கிறான். மலர்கொடி வலை முனையை விடாமல் பாத்தியிலேயே நின்றாள். யுவராணி ஓடினாள். கையை நீட்டினாள்.

"ஈரக் கையோட தொடாதடி! இதையும் சாவடிச்சிடாத" என்று சொல்லிவிட்டு, செல்லப்பன் குனிந்து போனைத் தானே அவள் காதில் வைத்துப் பிடித்துக்கொண்டார். அவருக்கு மூச்சு இரைத்தது. அப்பா பேசியது அந்த இரைப்பில் பாதி கேட்கவில்லையென்று அவள் பிற்பாடு குறைப்பட்டுக்கொண்டாள். அவள் பேசியது எங்கள் எல்லோருக்கும் கேட்டது.

"இங்க எல்லாம் ஆஃப்லதாம்பா இருக்குது... உப்பு கழுவுறோம்பா... சும்மாதாம்பா, கொஞ்சம் அழுக்காயிடுச்சி." செல்லப்பன் வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். மறுநாளிலிருந்து மலர்கொடி வேலைக்குப் போனாள். வராதே என்று சொன்னதைச் சொன்னவரும் நினைவுபடுத்தவில்லை, கேட்டவளும் நினைவுபடுத்தவில்லை. டீக்கடையில் தும்பைப்பூக் கதையை மட்டும் அவர் அதற்குப் பிறகு சொல்வதில்லை.

அன்றே விளக்கு அணைப்பது நின்றுவிடும் என்றுதான் நாங்கள் நினைத்தோம். பொழுது சாய்ந்ததும் கேட் சத்தம்.

"உங்கப்பாதான் பேசிட்டாரே யுவராணி. இன்னும் எதுக்கு?"

"ஆஃப் பண்ணுன்னு சொன்னாரு பெரிம்மா. போட்டுக்கன்னு இன்னும் சொல்லலயே."

இந்த வருஷம் சித்திரையில் சரவணகுமார் லீவில் வந்தான். வற்றிய முகம், நெற்றியில் தொப்பி வைத்த இடம் மட்டும் வெளுப்பு. மகளுக்கு நேர் எதிர். உட்கார்ந்த இடத்தில் அப்படியே இருப்பான். ஆனால் போகிற இடமெல்லாம் விளக்கைப் போட்டுவிட்டு மறந்துபோவான். குளியலறை, அடுப்படி, வாசல். அவன் பின்னாலேயே யுவராணி போய் அணைத்துக்கொண்டு வருவாள். "ரெண்டு பேருக்கும் நடுவுல சுவிட்சுதான் தேயுது" என்று மலர்கொடி என்னிடம் சொன்னாள். அந்த மாதம் பூராவும் அவள் குரலில் ஒரு இளக்கம் இருந்தது.

உப்புக்குச் சேறு பூசிய கதையை மைக்செட்காரர் வாயால் கேட்டுத்தான் அவன் தெரிந்துகொண்டான். சிரித்தானாம். பிறகு எழுந்து அளத்துக்குப் போய், வெகுநேரம் வரப்பில் நின்றுவிட்டு வந்தானாம். ஒருநாள் எங்கள் வாசலில் வைத்தே மகளிடம் சொன்னான்: "சரி கண்ணு, இனிமே வேணாம். எல்லாரும் லைட்டு போட்டுக்கட்டும்."

"அது நீ இங்கேந்து சொன்னா செல்லாதுப்பா."

"ஏன்?"

"நீ லீவுல இருக்கற. அங்க போயி, அங்கேந்து சொல்லு."

அவன் என்னைப் பார்த்தான். நான் முறத்தில் இருந்த உளுந்தைப் பார்த்துக்கொண்டேன்.

"இப்ப அங்க லைட்டு எரியுதா?" என்று அவள் கேட்டாள்.

"எரியுது."

"அப்ப நீ எதுக்குப் போற?"

"லாரிய யாரு ஓட்டறது?"

"அத்தினி பேரு இருக்காங்க, வேற டிரைவரே இல்லயா?" அவன் வாய் திறப்பதற்குள் வேறு பக்கமாக வந்தாள். "சரி, போ. இந்த வாட்டி ஃபோன ஆஃப் பண்ணாத."

"ஆர்டர் வந்தா பண்ணித்தான் ஆவணும் கண்ணு."

"அப்ப லைட்டயாவது மறக்காம ஆஃப் பண்ணு."

"பண்றேன்."

"நீ பண்ண மாட்ட. பாத்ரூம் லைட்டயே மறந்துடற." சிரிப்பு இல்லாமல் சொன்னாள். கேட்டை இரண்டு தடவை திறந்து மூடினாள். கொக்கியை மாட்டினாள், எடுத்தாள். பிறகு அடுத்த வீட்டு விளக்கைப் பார்த்து ஓடிவிட்டாள்.

போன வாரம் அவன் கிளம்பினான். சென்னை போய் ரயில் பிடிக்கவேண்டும். கிழக்குக் கடற்கரைச் சாலையில் பஸ்ஸுக்கு நின்றோம். மலர்கொடி முறுக்குப் பொட்டலத்தை இரண்டு தடவை அவிழ்த்துக் கட்டினாள். செந்தமிழ் அப்பாவின் பையை இழுக்க முடியாமல் இழுத்தான். யுவராணி நிற்கிற ஆட்களைச் சுற்றிச் சுற்றி வந்தாள். பஸ் வந்தபோது நன்றாக இருட்டியிருந்தது. பழைய வண்டி, தகர ஷட்டர் வைத்தது. உள்ளே எல்லா விளக்கும் எரிந்தன. சரவணகுமார் ஏறி, எங்கள் பக்கம் ஜன்னலோரமாக உட்கார்ந்தான். தலைக்கு நேர் மேலே ஒரு டியூப் லைட். வியர்த்த நெற்றி, மீசை, கழுத்துச் சங்கிலி எல்லாம் ரோட்டின் அந்தப் பக்கத்திலிருந்து பார்க்கிறவனுக்கும் தெரியும்.

மலர்கொடி கையாட்டினாள். செந்தமிழ் குதித்துக் குதித்துக் கையாட்டினான். யுவராணி ஆட்டவில்லை. பஸ்ஸுக்குப் பக்கத்தில் போய், தலையை நிமிர்த்தி, உள்ளங்கையைக் கவிழ்த்து மேலிருந்து கீழே இறக்கிக் காட்டினாள். அவன் தன்னை உட்காரச் சொல்கிறாள் என்று நினைத்து, உட்கார்ந்துதான் இருக்கிறேன் என்று சைகை செய்தான். அவள் மறுபடி இறக்கினாள். அவன் தலைக்கு மேலே பார்த்தான். விளக்கைப் பார்த்தான். மகளைப் பார்த்தான்.

எழுந்து இரண்டு கையாலும் ஷட்டரைப் பிடித்து இழுத்தான். அது சிக்கிக்கொண்டது.

"ஏன் சார், வெளிய மழையா பேயுது? வேத்துச் சாவறோம்" என்று உள்ளே கண்டக்டர் கத்தினார்.

அவன் தம் பிடித்து இழுத்தான். ஷட்டர் தடாலென்று விழுந்தது. முகம் மறைந்தது. அந்த ஜன்னல் மட்டும் இருட்டு. பஸ் நகர்ந்தது. யுவராணி அதன் பக்கத்திலேயே கொஞ்ச தூரம் நடந்தாள், கவிழ்த்த கையை இன்னும் கீழே, இன்னும் கீழே என்று இறக்கிக்கொண்டு.